பாடும் குகை: சித்தன்னவாசலும் கல்லின் ஒலியும்

சித்தன்னவாசல் என்றதும் நம்மவர்களுக்கு உடனே நினைவுக்கு வருவது ஓவியம்தான். தாமரைக் குளமும், பூப்பறிக்கும் அடியார்களும், யானையும் எருமையும் மீனும் அன்னமும் பள்ளிக்கூடப் பாடப் புத்தகத்திலேயே நமக்கு அறிமுகமானவை. அந்த ஓவியங்களைப் பற்றி அறிஞர் பெருமக்கள் நிறையவே எழுதிவிட்டார்கள். ஆனால் அதே குகையின் உள்ளறையில் கண்ணுக்குத் தெரியாத செல்வம் இன்னொன்று இருக்கிறது. அதுதான் அந்த அறையின் ஒலி.

உள்ளறைக்குப் போனால் அங்குள்ள காவலர், "ஐயா, நடுவுல நின்னு மூச்சை நல்லா இழுத்து, வாயை மூடிக்கிட்டு மெதுவா 'ம்ம்'னு விடுங்க" என்பார். நாம் விடுவது சிறு முனகல்தான். ஆனால் நாலு சுவரும் சேர்ந்து முனகுவது போல ஒரு ரீங்காரம் எழும். எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று சொல்ல முடியாது. நெஞ்செலும்பில் அதிர்வு தெரியும். நாம் நிறுத்திய பின்னும் கொஞ்ச நேரம் அது நிற்கும்.

வந்தவர்கள் பல விதமாகப் பேசிக்கொள்வார்கள். உள்ளே இரகசியத் துவாரம் இருக்கு என்பார் ஒருவர். சித்தர் மந்திரம் என்பார் இன்னொருவர். பழந்தமிழரின் மறைந்துபோன விஞ்ஞானம் என்பவரும் உண்டு. உண்மைக் காரணம் இவை எல்லாவற்றையும்விட எளிது; என்னைக் கேட்டால் இவற்றைவிட அழகானதும்கூட. மைசூர்த் தமிழர்களாகிய நாம் அதைத் தெரிந்துகொள்ள இரண்டு காரணங்கள் உள்ளன. முதலாவது, அந்த மலைக்கும் நம் மைசூருக்கும் இரண்டாயிரம் வருஷத்து உறவு உண்டு. இரண்டாவது, அப்படிப்பட்ட மலைகளுக்கு இன்று ஆபத்து இருக்கிறது.

மலையும் இரு குகைகளும்

புதுக்கோட்டைக்கு வடமேற்கே ஏறத்தாழ 16 கிலோமீட்டர் தூரத்தில், அன்னவாசலுக்குப் பக்கத்தில் இருக்கிறது சித்தன்னவாசல். சுற்றிலும் வறண்ட நிலம், பெருங்கற்கால ஈமச் சின்னங்கள், நடுவே நீண்டு கிடக்கும் மொட்டைப் பாறைக் குன்று. 'சிற்றண்ணல் வாயில்' என்பதே மருவிச் சித்தன்னவாசல் ஆயிற்று என்பர்.

அந்தக் குன்றில் இரண்டு குகைகளை நாம் பிரித்தறிய வேண்டும். ஒன்று இயற்கைக் குகை. அதன் பெயர் ஏழடிப்பட்டம். பாறையில் செதுக்கிய படிகளைப் பிடித்துக்கொண்டு பக்கவாட்டில் போனால் தாழ்ந்த பாறைக்கூரைக்கு அடியில் 17 கற்படுக்கைகள் இருக்கின்றன. தலையணை போலக் கல்லிலேயே சிறு மேடும் விட்டிருக்கிறார்கள். சமணத் துறவிகள் தவம் செய்த இடம்; சிலர் உண்ணா நோன்பிருந்து உயிர் நீத்த இடமும்கூட.

மற்றொன்று மனிதர் வெட்டிய குகை. அதற்கு அறிவர் கோயில் என்று பெயர். குன்றின் மேற்குச் சரிவில் பாறையைக் குடைந்து ஓர் அர்த்தமண்டபமும் அதற்குப் பின்னே ஒரு கருவறையும் எடுத்திருக்கிறார்கள். கி.பி. 9ஆம் நூற்றாண்டில், பாண்டியன் ஸ்ரீமாற ஸ்ரீவல்லபன் காலத்தில், மதுரை ஆசிரியர் இளங்கௌதமன் என்பவர் இதைப் புதுப்பித்தார் என்று அங்குள்ள கல்வெட்டு தெரிவிக்கிறது. ஓவியமும் ரீங்காரமும் இந்த இரண்டாவது குகையில்தான்.

எருமிநாட்டுக்காரர் ஒருவர்

ஏழடிப்பட்டத்துக் கற்படுக்கை ஒன்றின் பக்கத்தில் தமிழ் பிராமி எழுத்தில் ஒரு சின்னக் கல்வெட்டு உண்டு. காலம் ஏறக்குறைய கி.மு. முதல் நூற்றாண்டு. எருமிநாட்டுக் குமுழூரில் பிறந்த காவுடி என்பவருக்குச் சிறுபோசில் ஊரைச் சேர்ந்த இளயர் என்பவர் செய்துகொடுத்த இருக்கை என்பது அதன் பொருள்.

எருமிநாடு எது? எருமைக்கு வடமொழியில் மகிஷம். மகிஷ ஊர் என்பதே மைசூர். சங்க இலக்கியத்தில், தலையாலங்கானத்தில் பாண்டியன் நெடுஞ்செழியனோடு போரிட்டுத் தோற்ற எழுவரில் எருமையூரன் என்பவனும் ஒருவன். அவனையும் இந்தப் பக்கத்துத் தலைவனாகவே அறிஞர்கள் கருதுகின்றனர். கல்வெட்டறிஞர் ஐராவதம் மகாதேவன் இந்த எருமிநாட்டை மைசூர்ப் பகுதி என்றே அடையாளம் கண்டார். கல்வெட்டின் மொழியில் கன்னடச் சாயல் இருப்பதையும் அவர் எடுத்துக்காட்டினார். சிரவணபெளகொளவுக்கு வந்த பத்திரபாகு முனிவரின் சீடர் விசாகாசாரியார் அங்கிருந்து சோழ பாண்டிய நாடுகளுக்குப் போனார் என்ற சமண மரபுச் செய்தியோடும் இது பொருந்திப் போகிறது.

இங்கே பிறந்து வளர்ந்த நம் பிள்ளைகள், "நாம எதுக்குப்பா இங்க வந்தோம்?" என்று கேட்கும்போது நாம் தொழில், வேலை, தாத்தா காலம் என்று ஏதோ சொல்லுகிறோம். இதையும் சேர்த்துச் சொல்லலாம். நாம் தமிழ்நாட்டிலிருந்து மைசூருக்கு வந்தோம். நமக்கு இரண்டாயிரம் வருஷத்துக்கு முன்னாலேயே மைசூர்ப் பக்கத்திலிருந்து ஒருவர் தமிழ்நாட்டுக்குப் போனார். அந்த ஊர்க்காரர்கள் அவரை அயலார் என்று ஒதுக்கவில்லை. உட்காரக் கல்லிலே இடம் செய்து, அவர் பிறந்த ஊர்ப் பெயரையும் மறக்காமல் எழுதி வைத்தார்கள்.

கல்லின் ஒலி, காற்றின் ஒலி

இனி ஒலிக்கு வருவோம். நான் பாத்திர வியாபாரி. என் கடையில் உள்ள ஒரு பித்தளைக் குடத்தை வைத்தே இதை விளக்கிவிடலாம்.

குடத்தை விரலால் சுண்டினால் 'ணங்' என்று வருகிறதே, அது உலோகத்தின் ஓசை. தகடுதான் அதிர்கிறது. அதே குடத்தின் வாயருகே உதட்டை வைத்து 'ஊ' என்று ஊதினால் கும்மென்று வேறொரு ஓசை வரும். அது உள்ளே இருக்கும் காற்றின் ஓசை. கடம் வாசிக்கும் வித்துவான் இரண்டையுமே பயன்படுத்துகிறார். மண் ஓட்டைத் தட்டி ஒன்று, வாயை வயிற்றில் அணைத்தும் விலக்கியும் காற்றால் மற்றொன்று.

பாறைகளிலும் இந்த இரண்டு வகை உண்டு. முதல் வகைக்கு நம் கர்நாடகத்திலேயே பெரிய சான்று இருக்கிறது. பல்லாரிக்குப் பக்கத்தில் சங்கனகல்லு, குப்கல் குன்றுகள். அங்கே டோலரைட் எனப்படும் கருங்கல் நிலத்துக்குள்ளிருந்து சுவர் போலப் பிளந்துகொண்டு மேலே வந்திருக்கிறது. அதன் உருண்டைப் பாறைகள் சிலவற்றைக் கல்லால் தட்டினால் மணி அடித்தது போல ஒலிக்கும். நாலாயிரம் வருஷத்துக்கு முந்தைய புதிய கற்கால மனிதர்கள் தட்டித் தட்டியே அந்தப் பாறைகளில் குழி விழுந்திருக்கிறது. பக்கத்திலேயே மாடுகளையும் மனிதர்களையும் கீறி வைத்திருக்கிறார்கள். 1892லேயே குறிப்பிடப்பட்ட இந்த இடத்தை நிக்கோல் பொவான் என்ற தொல்லியல் அறிஞர் 2004இல் மீண்டும் ஆராய்ந்து உலகுக்குத் தெரியப்படுத்தினார்.

நெல்லையப்பர் கோயிலிலும் சுசீந்திரத்திலும் ஹம்பி விட்டலர் கோயிலிலும் உள்ள இசைத்தூண்களும் இந்த வகைதான். தூணுக்குள்ளே கூடு இருக்கு, குழாய் இருக்கு என்று சொல்லுவாங்க. கல்பாக்கம் இந்திரா காந்தி அணு ஆராய்ச்சி மையத்தார் ஹம்பித் தூண்களைக் கருவிகள் வைத்துப் பார்த்ததில் அவை கெட்டித் தூண்கள், தட்டும்போது வில் போல நுட்பமாக வளைந்து அதிர்வதாலேயே ஒலிக்கின்றன என்று தெரிந்தது.

சித்தன்னவாசல் கருவறை இரண்டாவது வகை. அங்கே கல் அதிர்வதில்லை, காற்றுதான் அதிர்கிறது. கல் அசைய மறுப்பதால்தான் காற்று அப்படி முழங்குகிறது. இதைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும்.

ஒன்பதரை அடிக் கணக்கு

காற்றில் ஒலி வினாடிக்குச் சுமார் 345 மீட்டர் வேகத்தில் போகிறது. கருங்கல்லில் அதே ஒலி வினாடிக்கு 5,000 மீட்டர் அளவில் போகும். ஒரு கன மீட்டர் காற்றின் எடை ஒன்றேகால் கிலோவுக்கும் குறைவு. அதே அளவு கருங்கல் 2,700 கிலோ. இத்தனை வேற்றுமை உள்ள இரண்டு பொருள்கள் சந்திக்கும் இடத்தில் ஒலி ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குள் நுழைவது கஷ்டம். கணக்குப் போட்டுப் பார்த்தால், கருங்கல் சுவரில் நேராக மோதும் ஒலியில் பத்தாயிரத்தில் ஒரு பங்கு அளவே கல்லுக்குள் போகிறது. மீதி எல்லாம் திரும்பி வந்துவிடும். சுதைப்பூச்சும் மேடுபள்ளமும் கொஞ்சம் விழுங்கும், அவ்வளவுதான். நம் வீட்டு ஹாலில் திரைச்சீலை, மெத்தை, புத்தக அலமாரி, ஜன்னல் எல்லாமே ஒலியைக் குடித்துவிடும். குகை அறையில் குடிப்பதற்கு எதுவும் இல்லை. வெளியேற ஒரே ஒரு வாசல்தான்.

அடுத்தது அளவு. அந்தக் கருவறை ஏறத்தாழ ஒன்பதரை அடிச் சதுரம், அதாவது 2.9 மீட்டர். எதிரெதிர்ச் சுவர்களுக்கு நடுவே ஒலி போய்த் திரும்ப 5.8 மீட்டர் ஓட வேண்டும். 345ஐ 5.8ஆல் வகுத்தால் ஏறத்தாழ 60. அதாவது வினாடிக்கு 60 முறை அதிரும் ஒலி அந்த அறைக்குள் சரியாகப் பொருந்தி உட்காரும். அதன் இரண்டு மடங்கு, சுமார் 120 ஹெர்ட்ஸ், அதுவும் அப்படியே பொருந்தும். ஆண்களின் தாழ்ந்த குரல் பெரும்பாலும் 100க்கும் 120க்கும் பக்கத்தில்தான் இருக்கிறது. ஆக, ஒருவர் கீழ்ஸ்தாயியில் முனகும்போது அறை தனக்குப் பிடித்த ஒலியைக் கேட்கிறது. போன அலையும் திரும்பி வரும் அலையும் ஒன்றோடொன்று சேர்ந்து வலுக்கின்றன. ஊஞ்சல் திரும்பி வரும் நேரம் பார்த்துத் தள்ளினால் சின்னக் குழந்தை தள்ளினாலும் ஊஞ்சல் உயரப் போகுமே, அது போல. இதையே பாடப் புத்தகத்தில் ஒத்ததிர்வு என்பார்கள்.

அறை சதுரம் என்பதும் முக்கியம். நீளமும் அகலமும் வேறு வேறாக இருந்தால் ஒவ்வொரு திசைக்கும் ஒவ்வொரு ஒலி பொருந்தி, விளைவு பங்கு பிரிந்துவிடும். சதுரத்தில் இரண்டு திசைக்கும் ஒரே ஒலி. அதனால் அந்த ஒரு சில ஒலிகள் மட்டும் தனித்து எழும்பும். 'நடுவில் நில்லுங்கள்' என்று காவலர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. 120 ஹெர்ட்ஸ் அலைக்கு அறையின் நடுவிடம் அழுத்தம் மிகுந்த இடம். அதே காரணத்தால் சுவர் ஓரமும் மூலைகளும்கூட நன்றாக ஒலிக்கும். ஆனால் நடுவுக்கும் சுவருக்கும் பாதி வழியில் நின்றால் அந்த ஒலி மெலிந்துபோகும். நான்கு அடி நகர்ந்து நகர்ந்து யாரும் சோதித்துப் பார்க்கலாம்.

"நாங்க போனப்போ ஒண்ணும் கேக்கலியே" என்று சில அன்பர்கள் சொல்வதுண்டு. பத்துப் பதினைந்து பேர் ஒரே நேரத்தில் உள்ளே நின்றால் உடம்பும் உடையும் ஒலியைக் குடித்துவிடும். இரண்டு மூன்று பேராக நின்றால்தான் அந்த அறை வாய் திறக்கும். உச்சக் குரலில் கத்தினாலும் பயனில்லை. சுருதி பொருந்த வேண்டும்.

மௌனத்துக்கு எடுத்த அறை

அப்படியானால் இந்த ரீங்காரத்துக்காகவே அறையை வெட்டினார்களா? அப்படிச் சொல்லும் கல்வெட்டோ நூலோ இல்லை. கெட்டியான ஒரே பாறையில் சின்னதாகச் சதுரமாக ஓர் அறை வெட்டினால் எங்கேயும் இது ஓரளவு நடக்கும். பீகாரில் பராபர் குன்றுக் குகைகளை அசோகர் தம் 12ஆம் ஆட்சியாண்டிலேயே ஆசீவகத் துறவிகளுக்குக் கொடுத்தார். கண்ணாடி போல மெருகேற்றிய அந்தக் கருங்கல் குகைகளிலும் பெரும் முழக்கம் உண்டு. ஆங்கில நாவலாசிரியர் ஈ. எம். ஃபார்ஸ்டர் 1924இல் எழுதிய 'எ பாசேஜ் டு இந்தியா' நாவலில் வரும் மராபார் குகைகளுக்கு இவைதான் மூலம். அந்தக் கதையில் குகையின் எதிரொலி கேட்டு ஓர் அம்மையார் மனம் குலைந்து போகிறார். நம் நாட்டுத் துறவியோ அதே எதிரொலிக்கு நடுவே உட்கார்ந்து மனத்தை அடக்கினார்.

திட்டமிட்டு வெட்டியிருந்தாலும் இல்லாவிட்டாலும், அங்கே இருந்தவர்கள் அந்த ஒலியைக் கேட்காமல் இருந்திருக்க முடியாது. சமண நெறியில் மனம், வாக்கு, காயம் மூன்றையும் காப்பது துறவிக்குக் கடமை. வாக்கைக் காப்பது என்றால் வீண்பேச்சு இல்லாதிருப்பது. ஒரு முனகலையே பெருக்கிக் காட்டும் அறைக்குள் யாரால் வீண்பேச்சுப் பேச முடியும்? வெளி அறையின் கூரையில் வரைந்திருப்பது சமவசரணத்தின் தாமரைக் குளம். சமவசரணம் என்பது தீர்த்தங்கரர் அறம் உரைக்கும் சபை. அங்கே அவர் உரை சொற்களாகப் பிரியாத ஓர் ஒலியாக, திவ்யத்வனியாக எழும் என்றும், மனிதர், விலங்கு, பறவை எல்லாம் தத்தம் மொழியில் அதை விளங்கிக்கொள்ளும் என்றும் திகம்பர மரபு கூறும். அந்த ஓவியத்துக்குப் பின்னே சொல்லில்லாமல் ஒலிக்கும் ஓர் அறை. இந்தப் பொருத்தத்தை வெட்டியவர்கள் நினைத்தார்களோ இல்லையோ, உள்ளே போகிற எனக்குத் தோன்றாமல் இருப்பதில்லை.

தட்டிப் பார்க்கும் அறிவு

பித்தளைக் குடத்தில் மயிரிழை விரிசல் இருந்தாலும் கண்ணுக்குத் தெரியாது. சுண்டினால் தெரிந்துவிடும், 'ணங்' என்பது 'தட்' என்றாகும். சிற்பிகள் கல்லையும் இப்படித்தான் தேர்ந்தெடுத்தார்கள். மணி போல ஒலிப்பது ஆண் கல், மென்மையாக ஒலிப்பது பெண் கல், ஒலியே இல்லாதது அலிக் கல் என்று சிற்ப மரபில் பிரித்தார்கள். ஒலி இல்லாத கல்லில் சாமி செய்யமாட்டார்கள்.

இந்த அறிவு உயிரைக் காத்த இடமும் நமக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. கோலார் தங்கவயல். வட ஆற்காடு, சேலம் பக்கத்திலிருந்து போன தமிழ்த் தொழிலாளர் தலைமுறை தலைமுறையாக உழைத்த சுரங்கம். சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் அதிக ஆழம். சுரங்கத் தொழிலில் வேலை தொடங்குமுன் கூரைப் பாறையை இரும்புக் கம்பியால் தட்டிப் பார்ப்பது வழக்கம். கணீர் என்றால் கெட்டி. பொத்தென்று ஒலித்தால் பாறை உள்ளே கழன்றிருக்கிறது, விலகிவிட வேண்டும். அத்தனை ஆழத்தில் மேலுள்ள மலையின் பாரம் தாங்காமல் பாறை திடீரென்று வெடித்துச் சிதறும். அதில் போன உயிர்கள் ஏராளம். வெடிக்குமுன் பாறைக்குள் எழும் நுண்ணிய முறிவு ஒலிகளையும் அதிர்வுகளையும் கருவிகள் பொருத்திக் கேட்கும் ஆராய்ச்சியும் அங்கே நடந்தது. 2001 பிப்ரவரி 28ஆம் நாளோடு சுரங்கம் மூடப்பட்டது. தங்கவயல் குடும்பங்கள் பல இன்று நம்மோடு மைசூரிலும் பெங்களூரிலும் இருக்கின்றன. அந்த வீட்டுப் பெரியவர்களைக் கேளுங்கள், கல்லின் ஓசையைப் பற்றி என்னைவிட நன்றாகச் சொல்லுவாங்க.

வெடியும் விரிசலும்

கல்லின் ஒலி என்பது கல்லின் ஆரோக்கியம். அதனால்தான் குவாரி வெடியைப் பற்றிக் கவலைப்பட வேண்டியிருக்கிறது. குப்கல்லில் மணி போல ஒலிக்கும் பாறைகள் இருந்த குன்றையே ஜல்லிக்காக உடைத்துக்கொண்டிருந்தார்கள் என்பதை ஆராய்ச்சியாளர்கள் அப்போதே எடுத்துச் சொன்னார்கள். மதுரை மாவட்டம் மேலூர்ப் பகுதியில் கிரானைட் வெட்டியதில் பல குன்றுகள் உருக்குலைந்தன. கற்படுக்கைகளும் தமிழ் பிராமிக் கல்வெட்டும் உள்ள கீழவளவு மலையின் பக்கமும் வெட்டுண்டு கிடக்கிறது. மாவட்ட ஆட்சியராக இருந்த உ. சகாயம் 2012இல் இந்த முறைகேடுகள் பற்றி அறிக்கை கொடுத்தார். 2014இல் உயர் நீதிமன்றம் அவரையே விசாரணைக்கு நியமித்தது.

அதே பகுதியில் உள்ள அரிட்டாபட்டியிலும் சமணச் சிற்பமும் தமிழ் பிராமிக் கல்வெட்டும் உண்டு. 2022இல் தமிழ்நாடு அரசு அதைப் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவித்தது. 2024 நவம்பரில் அந்த வட்டாரத்தில் டங்ஸ்டன் சுரங்க ஏலம் முடிவானபோது ஊர் மக்கள் ஒன்றாக எழுந்தார்கள். 2025 ஜனவரியில் மத்திய அரசு அந்த ஏலத்தை ரத்து செய்தது. கிராமத்து ஜனங்கள் நின்றார்கள், மலை நின்றது.

தொல்லியல் துறையின் காப்பில் உள்ள சின்னங்களைச் சுற்றி 100 மீட்டர் வரை எதுவும் கட்டவோ வெட்டவோ கூடாது, அதற்கு அப்பால் 200 மீட்டர் வரை அனுமதி பெற வேண்டும் என்பது 2010இல் திருத்திய சட்டம். நல்ல சட்டம்தான். ஆனால் வெடியின் அதிர்வு பாறைக்குள் 100 மீட்டரைக் கடக்க ஒரு வினாடியில் ஐம்பதில் ஒரு பங்கு நேரம் போதும். ஒரு விரிசலால் குகையின் ரீங்காரம் நின்றுவிடாது. ஆனால் விரிசல் வழியே மழைநீர் கசியும். கசிந்தால் சுதை உதிரும். சுதையோடு ஓவியமும் போகும். கல் உடைக்கும் கிரஷரும் லாரியும் எழுப்பும் ஓசையும் அதே தாழ்ந்த சுருதிக்காரன்தான். பக்கத்தில் அது ஓடிக்கொண்டிருந்தால் குகை பாடினாலும் நம் காதில் விழாது.

போகிற அன்பர்களுக்கு

மைசூரிலிருந்து மாலை ரயிலில் ஏறினால் விடியலில் திருச்சி போய்விடலாம். அங்கிருந்து புதுக்கோட்டை ஒன்றரை மணி நேரப் பயணம். காலை வெயில் ஏறுமுன் ஏழடிப்பட்டத்தை முதலில் பாருங்கள். பாறை சூடேறிவிட்டால் நடக்க முடியாது. எருமிநாட்டுக் கல்வெட்டு எங்கே என்று காவலரைக் கேட்டு, பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். பிறகு அறிவர் கோயிலுக்கு வாருங்கள். ஓவியத்தைத் தொடாதீர்கள், ஃபிளாஷ் போட்டுப் படம் எடுக்காதீர்கள். கருவறைக்குள் இரண்டு மூன்று பேராகப் போங்கள். கத்த வேண்டாம், கை தட்ட வேண்டாம். குடும்பத்தில் யாருக்குத் தாழ்ந்த குரலோ அவரை நடுவில் நிற்க வைத்து மெதுவாக முனகச் சொல்லுங்கள். மற்றவர்கள் சுவரோரம் நின்று கேளுங்கள்.

பிள்ளைகள் ஏன் என்று கேட்டால் ஒன்பதரை அடிக் கணக்கைச் சொல்லிக் கொடுங்கள். ஊருக்குத் திரும்பியதும், லீவு நாளில் ஒரு தடவை அவர்களைச் சங்கனகல்லுக்கும் கூட்டிக்கொண்டு போங்கள்.